வாயிற்காவலனின் மீசை

ரீச்சர் காலமான செய்தி விடிய நாலு மணிக்கு வட்ஸ்அப்பில் வந்தது. எட்டு மணிக்குள் கைகூப்பிய படங்கள் அறுபதைத் தாண்டிவிட்டன. அதில் ஒன்று நான் போட்டது. அடுத்த கிழமை நினைவுமலர்க்குழுத் தங்கச்சி தொலைபேசியில் பிடித்துக்கொண்டாள். "அக்கா, நீங்கள் ரீச்சரிட்டப் படிச்சனீங்கள்தானே, ரெண்டு பக்கம் எழுதித் தாங்கோ."

எந்த ரீச்சர் என்று பெயர் போடத் தேவையில்லை. நூல்சேலை, சந்தனப் பொட்டு, கையில் சுருட்டிப் பிடித்த நாடகப் பிரதி என்றால் நம் காலத்தவர்கள் எல்லோருக்கும் தெரியும். சுருட்டிய பிரதி எதற்கெல்லாம் பயன்பட்டது என்பதும் தெரியும்.

எழுத உட்கார்ந்தால் ரீச்சர் வரவில்லை. லூசில் போல் (Lucille Ball) என்பவர்தான் வருகிறார். அமெரிக்கச் சிரிப்பு நடிகை, 1911இல் பிறந்தவர், நம் கல்லூரிப் பக்கம் தலைவைத்தும் படுக்காதவர். அவரை விட்டுவிட்டு ரீச்சரைப் பற்றி எழுத எனக்குத் தெரியவில்லை. மலர்க்குழு பொறுத்துக்கொள்ளட்டும்.

1978 பரிசளிப்பு விழா. கண்ணகி வழக்குரைக்கும் காட்சி. கண்ணகியாக நடித்த அக்கா இப்போது மெல்பேணில் பல்வைத்தியர், அதற்குமேல் சொல்லமாட்டேன். எனக்கு வாயிற்காவலன் வேடம். மொத்தம் ஆறு வரி வசனம், ஒரு ஈட்டி, ஒரு ஒட்டுமீசை. ஹோலுக்குள் புழுக்கம் எப்படி என்று உங்களுக்குச் சொல்ல வேண்டுமா? மூன்றாவது வரியில் மீசையின் ஒரு பக்கம் கழன்று வாய்க்குக் குறுக்கே தொங்கியது. ஊதிப் பார்த்தேன். விடுதிப் பிள்ளைகள் வரிசையில் யாரோ களுக்கென்றாள்.

அந்த இடத்தில் திரும்பி நின்று ஒட்டியிருக்கலாம். நான் அதைப் பிய்த்து, உள்ளங்கையில் வைத்து, குனிந்து, பாண்டிய மன்னனுக்குக் காணிக்கை போல நீட்டினேன். மன்னனாக இருந்தவள் சிரித்த சிரிப்பில் கிரீடம் விழுந்தது. ஹோல் முழுக்க ஒரே சிரிப்பு. பிரதம விருந்தினரும் சிரித்தார். உண்மையைச் சொன்னால் என் வாழ்க்கையில் அத்தனை சந்தோஷமாக நான் அதற்குமுன் இருந்ததில்லை. சரி, அதோடு நின்றிருந்தால் தப்பியிருப்பேன். ஆனால் அடுத்ததாகத் தலைவிரி கோலமாகக் கண்ணகி சிலம்போடு வந்தபோதும் சனம் சிரித்துக்கொண்டேயிருந்தது. ரீச்சர் மன்னிக்காதது அதைத்தான்.

மறுநாள் காலைப் பிரார்த்தனை முடிந்ததும் மேடைக்குக் கூப்பிட்டார். மீசையை அவரே கொண்டுவந்திருந்தார். "கண்ணகிக்குச் சிரிப்பு வாங்கிக் குடுத்த பெருமை உமக்குத்தான். இதை ஒட்டிக்கொண்டு இன்ரவல் மட்டும் நில்லும். அதுக்குப் பிறகு மேடைப் படியில கால் வைக்கக்கூடாது." நின்றேன். அன்றைக்கு யாரும் சிரிக்கவில்லை. கால்வைக்கக்கூடாது என்ற சொல்லை ஓஎல், ஏஎல் எல்லாம் தாண்டி, கடல் தாண்டியும் காப்பாற்றினேன். கனடாவில் எத்தனை கலைவிழா! எல்லாவற்றிலும் நான் வடை மேசையில்தான் நின்றேன்.

1989 தொடக்கத்தில் ரொறன்ரோ வந்து சேர்ந்தேன். இரவு வேலை, பிஸ்கற் பொதி செய்கிற இடம். அந்த ஏப்ரல் கடைசியில் வேலை முடிந்து வந்து ரீவியைப் போட்டால் எந்த அலைவரிசையிலும் ஒரே முகம். யாரோ ஜனாதிபதியின் மனைவி செத்துப்போனாராக்கும் என்று நினைத்தேன். ஏப்ரல் 26இல் தன் 77ஆவது வயதில் லூசில் போல் இறந்திருந்தார். அஞ்சலியாக அவர் லூசியாக நடித்த 'ஐ லவ் லூசி' என்ற பழைய கறுப்பு வெள்ளைத் தொடரைத் திரும்பத் திரும்பப் போட்டார்கள். எல்லோரும் அவருடைய சிவப்புத் தலைமுடியைப் பற்றியே பேசினார்கள். கறுப்பு வெள்ளையில் சிவப்பு முடியை இந்தச் சனம் எப்படிக் கண்டது என்று எனக்கு விளங்கவில்லை.

அப்படித்தான் அந்தச் சொக்லேற் காட்சியைப் பார்த்தேன், 1952இல் எடுத்தது. லூசியும் தோழியும் ஓடும் பட்டியில் வருகிற சொக்லேற்றைத் தாளில் சுற்ற வேண்டும். ஒன்றும் தவறக்கூடாது. பட்டி வேகம் பிடிக்கிறது. வாய்க்குள் அடைக்கிறார்கள், சட்டைக்குள் போடுகிறார்கள், தொப்பிக்குள் ஒளிக்கிறார்கள். மேற்பார்வைக்காரி வந்து பார்க்கிறாள், பட்டியில் சுற்றாத சொக்லேற் ஒன்றுமில்லை. மெச்சிவிட்டு, இன்னும் வேகமாக விடச் சொல்கிறாள். அப்போதுதான் எட்டு மணிநேரம் அதே மாதிரிப் பட்டிக்கு முன்னால் நின்றுவிட்டு வந்திருந்த நான், விரல்களில் சீனித்தூளோடு, அடுத்த அறையில் படுத்திருந்தவர்கள் எழும்பிவரும்வரை சிரித்தேன். பின்னால் கேட்ட சிரிப்பும் எனக்குத் தெரிந்த சிரிப்பு. மூன்று கமரா வைத்து, எதிரே உண்மையான சனத்தை இருத்தி எடுத்த தொடர் அது. பரிசளிப்பு விழாச் சிரிப்பு.

அதற்குப் பிறகு நூலகத்தில் அவரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்தேன். என் ஆங்கிலம் பாதி அங்கேதான் வளர்ந்தது. 15 வயதில் நியூயோர்க்கில் ஒரு நாடகப் பள்ளிக்குப் போயிருக்கிறார். அங்கே கொடி கட்டிப் பறந்த மாணவி, பின்னாளில் பெரிய சினிமா நட்சத்திரமான பெட்டி டேவிஸ். லூசியின் தாய்க்குப் பள்ளியிலிருந்து கடிதம் போனது: பிள்ளைக்குக் கூச்சம் அதிகம், தன் நேரத்தையும் எங்கள் நேரத்தையும் வீணாக்குகிறாள். லூசி மூட்டை கட்டிக்கொண்டு ஊர் திரும்பினார். அந்தப் பள்ளியில் தான் கற்றது பயப்படுவது ஒன்றைத்தான் என்று பின்னாளில் சொன்னார். இந்தக் கதையை இங்கே பட்டமளிப்புப் பேச்சில் எல்லாம் அவிழ்த்துவிடுகிறார்கள், திட்டு வாங்கினவர்கள் எல்லாம் லூசி ஆகிவிடுவார்கள் என்பதுபோல. நான் ஆகவில்லையே.

விருதுப் பட்டியலை ஒருகாலம் பாடமாக வைத்திருந்தேன். நடிப்புக்கு நான்கு எமி என்ற தொலைக்காட்சி விருது: 1953, 1956, 1967, 1968. முதல் இரண்டும் கணவர் டெசி ஆர்னஸோடு நடித்த காலத்தில். 1960இல் மணமுறிவு. பின் இரண்டும் டெசி இல்லாமல் நடித்த காலத்தில். எனக்கு அந்தப் பின் இரண்டில்தான் கண். 1962இல் முன்னாள் கணவரின் பங்கையும் வாங்கி டெசிலு நிறுவனத்தைத் தானே நடத்தினார். பெரிய தொலைக்காட்சி நிறுவனம் ஒன்றை ஒரு பெண் தலைவராக நடத்தியது அதுவே முதல்முறை. நம் பிள்ளைகள் பைத்தியமாகப் பார்க்கிற ஸ்டார் ட்ரெக் அந்த நிறுவனத்தில் பிறந்ததுதான். 1953 ஜனவரி 19ஆம் திகதி தொடரில் லூசிக்குப் பிள்ளை பிறந்தபோது 4 கோடியே 40 இலட்சம் பேர் பார்த்தார்களாம். மறுநாள் ஐசன்ஹோவர் ஜனாதிபதியாகப் பதவியேற்றதைப் பார்த்தவர்கள் அதைவிடக் குறைவு. 'கர்ப்பம்' என்ற சொல்லைத் தொடரில் சொல்லக்கூடாது என்றும் வைத்திருந்தார்கள். அந்த விஷயத்தில் அமெரிக்கத் தொலைக்காட்சி நம் விடுதிப் பொறுப்பாளருக்குக் குறைந்த ஆளில்லை.

1984இல் தொலைக்காட்சிப் புகழ்மண்டபம் தொடங்கியபோது முதல் வரிசையிலேயே அவர் பெயர். 1986இல் கென்னடி மைய விருது. அந்த விழாவுக்கு ஐந்து நாள் முன்னர் டெசி இறந்துபோனார். 'ஐ லவ் லூசி' என்பது எந்நாளும் வெறும் தலைப்பாக இருந்ததில்லை என்று அவர் எழுதிவைத்ததை மேடையில் வாசித்தார்கள். 1989 ஜூலையில் ஜனாதிபதியின் சுதந்திரப் பதக்கம். வாங்கிக்கொள்ள அவர்தான் இல்லை.

அவருடைய ஊர் ஜேம்ஸ்ரவுன். எல்லையில் வரிசை இல்லாவிட்டால் இங்கிருந்து மூன்று மணிநேரம், பவலோ தாண்டிப் போக வேண்டும். போன கோடையில் மகளை இழுத்துக்கொண்டு போனேன். பக்கத்து செலரோன் கிராமப் பூங்காவில் இரண்டு சிலை. முதல் வைத்த சிலை பேய்மாதிரி இருக்கிறது என்று உலகமே சிரித்து, 2016இல் வடிவான இன்னொன்று வைத்தார்கள். பழையதையும் தூக்கி எறியவில்லை. எனக்கென்னவோ அந்தப் பேய்ச்சிலைதான் பிடித்தது.

லொஸ் ஏஞ்சலிஸில் வைத்திருந்த அவருடைய அஸ்தியை 2002இல் பிள்ளைகள் ஊருக்குக் கொண்டுவந்து, குடும்பக் கல்லறையில் வைத்திருக்கிறார்கள். 'வீடு வந்துவிட்டாய்' என்று கல்லில் வெட்டியிருக்கிறது. மகள் படம் எடுத்துக்கொண்டிருந்தாள். எனக்கும் இப்படிச் செய்வாயா என்று கேட்க வாயெடுத்தேன். எந்த வீட்டுக்கு அம்மா என்று கேட்பாள். கேட்டால் என்னிடம் ஒரு மறுமொழியும் இல்லை. பேசாமல் வந்து காரில் ஏறினேன்.

ரீச்சரைக் கடைசியாகக் கண்டது 2003இல். போர் ஓய்ந்து ஊருக்குப் பாதை திறந்திருந்த காலம். விறாந்தையில் சாய்மனைக் கதிரையில் இருந்தார். பிளேன்ரீயும் ஒரு தட்டில் கிறீம் கிறக்கரும் வந்தன. என்னை அடையாளம் தெரியவில்லை. கண்ணகி அக்காவைத் தெரிந்தது, அவருடைய தங்கச்சியைத் தெரிந்தது, மன்னனைத் தெரிந்தது. "அங்க என்ன வேலை பாக்கிறீர்?" என்று கேட்டார். பிஸ்கற் பட்டியில் தொடங்கினேன் என்றேன். எப்படி என்று விளக்கப்போய், என்னை அறியாமல் எழுந்து நின்று அந்தச் சொக்லேற் காட்சியைச் செய்யத் தொடங்கிவிட்டேன். தட்டிலிருந்த பிஸ்கற்றை வாய்க்குள் இரண்டு, கைப்பைக்குள் மூன்று, சேலைத் தலைப்பில் ஒன்று.

ரீச்சர் சிரித்தார். முதலில் தோள் குலுங்கியது, பிறகு தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டார், பிறகு பொத்தவும் முடியாமல் கண்ணீர் வழியச் சிரித்தார். உள்ளேயிருந்து மருமகள் ஓடிவந்து பார்த்தார். மூச்சு வாங்கி முடிந்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபடி என்னை ஏறிட்டுப் பார்த்தார்.

"அப்ப ஏன் பிள்ளை, பள்ளிக்கூடத்தில நீர் ஒரு நாடகத்துக்கும் வரேல்லை?"

வாய்க்குள் பிஸ்கற் இருந்தது. "சந்தர்ப்பம் கிடைக்கேல்லை ரீச்சர்" என்றேன்.

"வந்து சொல்லியிருக்கலாமே" என்றார். தட்டில் மிஞ்சிக் கிடந்த ஒரு கிறக்கரை எடுத்து நீட்டினார். "இதையும் சாப்பிடும்."