உள்ளே வரட்டுமா

எனக்கு உள்ளங்கை வியர்க்கும். ஏதோ லேசாக ஈரம் என்று நினைக்காதீர்கள், பேனா வழுக்கிப் போகிற அளவுக்கு வியர்க்கும். எட்டாம் வகுப்பில் பரீட்சை எழுதும்போது விடைத்தாளின் மேல் கைக்குட்டையை விரித்து அதன்மேல் கையை வைத்துத்தான் எழுதுவேன், அப்படியும் மை ஊறிவிடும். டாக்டர்கள் இதற்கு ஹைப்பர்ஹைட்ரோசிஸ் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். என் வகுப்பில் மூன்று பேர் இன்னும் சுருக்கமாக ஒரு பெயர் வைத்தார்கள்: ஈரக்கை.

ஒருநாள் இரண்டு கையிலும் பவுடரைக் கொட்டித் தேய்த்துக்கொண்டு போனேன். முதல் பீரியட் முடிவதற்குள் அது பசையாகிவிட்டது. அன்று முழுக்க அவர்களுக்கு நான்தான் பொழுதுபோக்கு.

ரத்தக்காட்டேரிப் படங்களைப் பற்றி எழுத உட்கார்ந்துவிட்டு வியர்வைக் கதை எதற்கு என்று கேட்கலாம். 'லெட் த ரைட் ஒன் இன்' என்ற ஸ்வீடிஷ் படத்தில் ஓர் இடம் வருகிறது. பன்னிரண்டு வயது ஓஸ்கர், பக்கத்து வீட்டுக்குப் புதிதாகக் குடிவந்திருக்கும் ஏலியிடம் "உன்மேல ஒரு மாதிரி வாடை அடிக்குது" என்கிறான். ஏலி பதில் சொல்வதில்லை. அடுத்த முறை சந்திக்கும்போது அவளாகவே கேட்கிறாள்: "இப்ப பரவாயில்லையா?" இந்த இரண்டு சந்திப்புகளுக்கும் நடுவில் அவள் ஒரு மனிதரைக் கொன்று ரத்தம் குடித்திருக்கிறாள். படம் பார்க்கும் நமக்கு அது தெரியும், ஓஸ்கருக்குத் தெரியாது. நான் படத்தை அங்கே நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். பேய்ப்படத்தில் என் பவுடர் டப்பாவைக் காட்டுவார்கள் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

படம் 2008-இல் வந்தது, இயக்கியவர் தோமஸ் ஆல்ஃப்ரெட்சன். மூலக்கதை யோன் ஐவிதே லிண்ட்க்விஸ்ட் 2004-இல் எழுதிய நாவல், திரைக்கதையும் அவரே. கதை நடக்கும் பிளாக்கெபெர்க், ஸ்டாக்ஹோமின் புறநகர்ப் பகுதி. லிண்ட்க்விஸ்ட் வளர்ந்ததும் அங்கேதான். எழுத்தாளர் ஆவதற்கு முன் மேஜிக் செய்பவராகவும் மேடை நகைச்சுவைக் கலைஞராகவும் இருந்தவர் என்று படித்தபோது சிரிப்பு வந்தது, ஏனென்றால் இந்தக் கதையில் சிரிப்பதற்கு அதிகம் இல்லை. 1980-களின் தொடக்கம், எங்கு பார்த்தாலும் பனி, ஒரே மாதிரியான அடுக்குமாடி வீடுகள், சீக்கிரமே இருட்டிவிடும் மாலைகள்.

ஓஸ்கரைப் பள்ளியில் கோன்னி என்பவனும் அவன் கூட்டாளிகள் இரண்டு பேரும் படுத்துகிறார்கள். குச்சியால் அடித்துக் கன்னம் கிழிந்து வீட்டுக்கு வருகிறான். அம்மா கேட்டால் விழுந்துவிட்டேன் என்கிறான். எந்தப் பிள்ளை உண்மையைச் சொல்லியிருக்கிறது? இதைவிட எனக்குப் பெரிதாகப் பட்டது வேறொன்று. இரவில் தனியாகக் கத்தியை எடுத்துக்கொண்டு போய் ஒரு மரத்தைக் குத்துகிறான். குத்தும்போது அவன் வாயில் வருவது அவனுடைய சொந்த வார்த்தைகள் இல்லை, கோன்னி அவனிடம் பேசுகிற வார்த்தைகள். "என்ன பாக்கறே? கத்து, பன்னி மாதிரி கத்து!" அடி வாங்குகிறவனுக்குக் கோபப்படக்கூட சொந்தமாக ஒரு மொழி கிடையாது, அடிக்கிறவனிடம்தான் கடன் வாங்க வேண்டியிருக்கிறது. இதை இவ்வளவு சாதாரணமாகக் காட்டிய படத்தை நான் பார்த்ததில்லை.

அவன் திரும்பிப் பார்க்கிறான். பின்னால், விளையாட்டுக் கம்பிகளின் மேல் ஏலி நின்றுகொண்டிருக்கிறாள். கொஞ்சம் பேசிவிட்டுச் சொல்கிறாள்: "நான் உனக்கு ஃப்ரெண்டா இருக்க முடியாது. முன்னாடியே சொல்லிடறேன்." (ஏலி பிறகு ஓர் இடத்தில் "நான் பொண்ணு இல்ல" என்கிறாள். அதனால் 'அவள்' என்று எழுதக் கொஞ்சம் தயக்கம்தான். ஓஸ்கர் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை, நானும் அப்படியே விடுகிறேன்.)

வாம்பயர் அழைக்காமல் வீட்டுக்குள் வர முடியாது என்பது பழைய விதி. 1897-இல் வந்த 'டிராகுலா' நாவலிலேயே வான் ஹெல்சிங் அதைச் சொல்கிறார்: வீட்டில் இருக்கிற யாராவது ஒருவர் முதல் தடவை அழைத்தால்தான் அவன் உள்ளே வர முடியும். பெரும்பாலான படங்களில் இந்த விதி கதவுக்கு ஒரு தாழ்ப்பாள், அவ்வளவுதான். யாராவது ஒரு முட்டாள் திறந்துவிடுவான், கதை நகரும். நானும் ரொம்ப நாள் அப்படித்தான் நினைத்திருந்தேன். ஏலி ராத்திரி ஜன்னலுக்கு வெளியே நின்று "உள்ள வரலாம்னு சொல்லு" என்று ஓஸ்கரிடம் கேட்டபோதுதான் எனக்கு வேறு மாதிரி உறைத்தது.

அந்த மூன்று பேர் என்னிடம் எதையும் கேட்டதில்லை. கேட்காமல் என் பையைத் திறந்தார்கள். கேட்காமல் என் நோட்டின் கடைசிப் பக்கங்களில் நான் எழுதி வைத்திருந்ததைச் சத்தமாகப் படித்தார்கள். பெயரும் கேட்காமல் வைத்ததுதான். கதவே இல்லாத வீடு மாதிரி இருந்தேன், யார் வேண்டுமானாலும் செருப்புக் காலோடு வரலாம், போகலாம். அப்படி இருக்கிற ஒரு பிள்ளையிடம், இருநூறு வருடமாக ரத்தம் குடித்து வாழ்கிற ஒன்று வந்து "உள்ள வரட்டுமா?" என்று கேட்டால் அந்தப் பிள்ளை எதைக் கவனிக்கும்? ரத்தத்தையா, கேள்வியையா?

அந்தக் கேள்வி கேட்கிற குரலிலும் ஒரு விஷயம் இருக்கிறது. ஏலியாக நடித்த சிறுமி லினா லியாண்டர்சன். குரல் அவருடையது இல்லை, எலிஃப் ஜெய்லான் என்ற வேறொருவர் கொடுத்தது, இன்னும் கொஞ்சம் தடித்த குரல். முகம் பன்னிரண்டு வயது, குரலுக்கு வயது சொல்ல முடியாது. ஓஸ்கர் வயதைக் கேட்கும்போது, பன்னிரண்டு, ஆனால் ரொம்ப காலமாகப் பன்னிரண்டு என்கிறாள். எட்டாம் வகுப்பு எனக்கும் அப்படித்தான் போனது. முடியவே இல்லை.

என்னிடமும் ஒருத்தி கேட்டாள். வருடத்தின் நடுவில் வேறு பள்ளியிலிருந்து வந்து சேர்ந்தவள், திக்கிப் பேசுவாள். என் பெஞ்சில் பக்கத்து இடம் எப்போதும் காலி. காலி இடத்தில் வந்து உட்கார யாரும் யாரையும் கேட்பதில்லை, இல்லையா? அவள் கேட்டாள். "இ… இங்க உ… உக்காரட்டுமா?" முதல்நாள் மட்டும் இல்லை, தினமும். ஒரு வாரம் கழித்து, தினம் எதுக்கு கேக்கறே என்றேன். "நீ… நீ வேண்டாம்னு சொ… சொல்லலாம்ல" என்றாள்.

அவள் சொல்லி முடிக்கும்வரை காத்திருக்கக் கற்றுக்கொண்டேன். அவள் வாக்கியத்தை வேறு யாராவது முடித்துவைத்தால் அவளுக்குப் பிடிக்காது, முகம் அப்படியே மூடிக்கொள்ளும். அவளும் என் கையைப் பிடிக்கும்போது பிறகு தன் கையைத் துடைத்துக்கொண்டதில்லை. நான் கவனித்துப் பார்த்திருக்கிறேன். ஒரு தடவைகூட இல்லை.

இதே தனிமையை வைத்துத் தூண்டில் போடுகிற வாம்பயரும் உண்டு. 1985-இல் வந்த 'ஃப்ரைட் நைட்' பாதிக்கு மேல் ஜாலியான படம். அதில் எட் என்று ஒரு பையன், எல்லாரும் 'ஈவில்' என்று கூப்பிடுகிற ஒரு கிறுக்கன். ராத்திரி ஒரு சந்தில் ஜெர்ரி டேன்ட்ரிஜ் என்கிற வாம்பயர் அவனை மடக்குகிறான். கடிக்கப் பாய்வான் என்று பார்த்தால், பேசுகிறான். மற்றவர்களிடமிருந்து வேறுபட்டு இருப்பது எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும், இனி உன்னை யாரும் சீண்ட மாட்டார்கள், அடிக்க மாட்டார்கள், அதை நான் பார்த்துக்கொள்கிறேன், என் கையைப் பிடி, போதும் என்கிறான். எட் அழுகிற முகத்தோடு கையை நீட்டுகிறான். கிறிஸ் சாரண்டன் அந்த வசனத்தை எவ்வளவு மென்மையாகச் சொல்கிறார் என்றால், படத்தில் எனக்குப் பயம் வந்த ஒரே இடம் அதுதான். பிறகு வருகிற ஓநாய், ஒப்பனை எல்லாம் பரவாயில்லை ரகம். 'கையைப் பிடி' என்று யாராவது கேட்டிருந்தால் அந்த வயதில் நான் பல்லையெல்லாம் பார்த்திருக்க மாட்டேன்.

ஏலியும் அப்படித்தானா என்பது தீராத சண்டை. அவளோடு ஹோகான் என்று வயதான ஒருவர் வாழ்கிறார், அவளுக்காக ஆட்களைக் கொன்று ரத்தம் பிடித்து வருகிறார். நாளைக்கு ஓஸ்கரும் இன்னொரு ஹோகான்தானே என்பது ஒரு கட்சி. 2010-இல் வந்த அமெரிக்க மறு ஆக்கமான 'லெட் மீ இன்' அந்தக் கட்சிக்கே சாய்கிறது. அதில் அந்த முதியவர் சிறுவனாக அவளோடு எடுத்துக்கொண்ட பழைய புகைப்படத்தையே காட்டிவிடுகிறார்கள். லிண்ட்க்விஸ்ட் பிறகு ஒரு சிறுகதை எழுதி, ஓஸ்கருக்கு அந்த முடிவு இல்லை என்று காட்டினார். எழுதியவரே சொன்ன பிறகு வேறென்ன? நான் அவர் கட்சி. இதில் நியாயத்தைவிட ஆசைதான் அதிகம் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

நீச்சல் குளக் காட்சியைப் பற்றி எல்லாரும் எழுதிவிட்டார்கள். ஏலி சொல்லிக்கொடுத்தபடி ஓஸ்கர் ஒருநாள் திருப்பி அடிக்கிறான், கோன்னியின் காது கிழிகிறது. கோன்னியின் அண்ணன் வந்து ஓஸ்கரின் தலைமுடியைப் பிடித்துத் தண்ணீருக்குள் அமுக்குகிறான். மூன்று நிமிஷம் மூச்சு விடாமல் இருக்க வேண்டும், இல்லாவிட்டால் காதுக்குப் பதில் கண். கேமரா தண்ணீருக்குள் ஓஸ்கரோடேயே தங்கிவிடுகிறது. மேலே என்ன நடக்கிறது என்பது மங்கலான சத்தமாக மட்டும் கேட்கிறது. இரண்டு கால்கள் தண்ணீரைக் கிழித்துக்கொண்டு போகின்றன. ஒரு தலை விழுகிறது. முடியைப் பிடித்திருந்த கை மெல்லக் கீழே இறங்குகிறது, கை மட்டும்.

எனக்குச் சந்தோஷமாக இருந்தது. திரும்ப ஓடவிட்டு மூன்று தடவை பார்த்தேன். இதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது, ஆனால் சொல்லாவிட்டால் இந்தப் பதிவே பொய். மூன்றாவது தடவைதான் குளத்தோரம் பெஞ்சில் அழுதுகொண்டிருந்த பையனைக் கவனித்தேன். அவனும் அந்தக் கூட்டத்தில் ஒருவன்தான், அவனை மட்டும் ஏலி விட்டுவைத்திருக்கிறாள். என் மூன்று பேரிலும் அப்படி ஒருத்தி இருந்தாள். மற்ற இரண்டு பேர் சிரித்த பிறகுதான் சிரிப்பாள்.

ஆனால் நான் திரும்பத் திரும்பப் போகிற காட்சி குளம் இல்லை. அதற்கு முன்னால், ஓஸ்கர் வீட்டு வாசல்.

ஏலி யார் என்பது அவனுக்கு இப்போது தெரியும். அவள் கதவுக்கு வெளியே நின்று, நீ என்னை அழைக்கணும் என்கிறாள். அவன் அழைக்கவில்லை. அழைக்காமல் வந்தால் என்ன ஆகும், இங்கே ஏதாவது தடுக்குதா என்று காற்றில் கையை ஆட்டிக் கேலி செய்கிறான். அந்தப் பார்வை எனக்குத் தெரியும், அது கோன்னியின் பார்வை. ஏலி ஒன்றும் பேசாமல் உள்ளே வந்து நிற்கிறாள். உடம்பு நடுங்குகிறது. கண்ணிலிருந்து, காதிலிருந்து, தோலிலிருந்து ரத்தம் கசிகிறது. ஓஸ்கர் பதறி, வா, வரலாம் என்று கத்தி அவளைக் கட்டிக்கொள்கிறான். அதற்கு அவனுக்குச் சில நொடிகள்தான் ஆகின்றன. அப்புறம் ஏலி, அவன் மரத்தைக் குத்தியபோது சொன்ன வார்த்தைகளை அவனுக்கே திருப்பிச் சொல்லிக் காட்டுகிறாள். "கொஞ்ச நேரம் நானா இரு" என்று கேட்கிறாள்.

அந்த மூன்று பேரும் ஒருநாள் காலையில் என்னைப் பார்த்துச் சிரித்தார்கள், நல்ல சிரிப்பு. காரணம் இன்றுவரை தெரியாது. முன் பெஞ்சிலிருந்து திரும்பி உட்கார்ந்து, நேற்று டிவியில் பார்த்ததைப் பற்றி என்னோடு பேசினார்கள். ஐந்து நிமிஷம் நானும் ஒரு மனுஷியாக இருந்தேன். அப்போது அவள் வந்தாள். என் பை அவள் இடத்தில் இருந்தது.

"இ… இங்க…"

நான் பையை எடுக்கவில்லை. நிமிர்ந்து அவளையே பார்த்தேன். சொல்லி முடிக்கிறாளா பார்ப்போம் என்கிற மாதிரி, அவர்கள் மூன்று பேரும் பார்க்கிற மாதிரியே. அவளுக்கு 'உ' வரவில்லை. உதடு குவிந்து நின்றுவிட்டது, கழுத்து நரம்பு புடைத்தது. யாரோ சிரித்தார்கள். நானும் சிரித்தேன், கொஞ்சம் தாமதமாக. டீச்சர் உள்ளே வரும்வரை அவள் அப்படியே நின்றாள். பிறகு கடைசி பெஞ்சுக்குப் போனாள்.

மறுநாளே அந்த மூன்று பேருக்கும் நான் மறுபடி ஈரக்கை ஆகிவிட்டேன். அவள் அதற்குப் பிறகு என்னிடம் எதையும் கேட்கவில்லை. நானும் பையை என் காலடியில் வைத்துக்கொண்டு பக்கத்து இடத்தைக் காலியாகவே வைத்திருந்தேன், ஆனால் போய்க் கூப்பிடவில்லை. கூப்பிட வேண்டியது நான்தான் என்று அப்போது எனக்குத் தோன்றவே இல்லை.

வருஷக் கடைசியில் விளையாட்டுப் பீரியடில் வட்டமாக நிற்கவைத்தார்கள், உயர வரிசைப்படி. அவள் எனக்கு வலது பக்கம் வந்தாள். கை கோத்துக்கொள்ளச் சொன்னார்கள். இடது பக்கம் இருந்தவள் வழக்கம்போல என் சட்டைக் கையின் நுனியை இரண்டு விரலால் பிடித்துக்கொண்டாள். வலது கையைப் பாவாடையில் துடைத்தேன், மறுபடி துடைத்தேன், இன்னொரு தடவை துடைத்தேன். துடைத்து முடிக்கும்வரை அவள் கை நீட்டியபடியே இருந்தது.