ஜாக் ஈலமின் இடது கண்

வெஸ்டர்ன் எனப்படும் அமெரிக்கக் கௌபாய் படங்களில் நடித்த ஜாக் ஈலமின் இடது கண்ணுக்குப் பார்வை இருந்ததில்லை, சிறுவயதுக்குப் பிறகு. ஆனால் அவர் திரையில் தோன்றியதும் நாம் முதலில் பார்ப்பது அந்தக் கண்ணைத்தான். வலது கண் எதிரில் நிற்பவரை நோக்கிக்கொண்டிருக்க, இடது கண் தன் போக்கில் ஓரத்துக்கு ஒதுங்கி நிற்கும். அரிசோனாவில் மயாமி என்ற செப்புச் சுரங்க ஊரில் பிறந்த அவர், சிறுவயதில் இன்னொரு பையனின் பென்சில் குத்தியதில் அந்தப் பார்வையை இழந்தார்.

வளர்ந்த பின் அவர் செய்தது கணக்கர் வேலை. ஹாலிவுட்டில் படத் தயாரிப்பாளர் சாமுவேல் கோல்ட்வினிடம் கணக்குத் தணிக்கையாளராக இருந்தார். பேரேடுகளையே நாள் முழுவதும் பார்த்ததில் மிஞ்சியிருந்த ஒரு கண்ணும் நலிந்தது. வேலையை விடாவிட்டால் அதுவும் போய்விடும் என்று மருத்துவர் எச்சரித்தார். படங்களுக்குப் பணம் திரட்டிக் கொடுத்து, அதற்குப் பதிலாக வில்லன் வேடம் கேட்டு வாங்கித்தான் நடிகரானதாக அவரே சொல்லியிருக்கிறார்.

1951இல் வந்த 'ராஹைட்' படத்தில் அவர் கொள்ளைக் கூட்டத்தில் ஒருவன். மறைந்திருக்கும் நாயகன் டைரோன் பவரை வெளியே வரவழைப்பதற்காக, நடை பழகும் குழந்தையின் காலடியில் அவன் சுடுகிற காட்சியை இன்றும் என்னால் பதற்றமில்லாமல் பார்க்க முடிவதில்லை. மறு ஆண்டு வந்த 'ஹை நூன்' படத்தில் அவர் சிறைக்குள் கிடக்கும் குடிகாரன். துப்பாக்கிச் சண்டைக்குக் கிளம்பும் முன், ஊரின் காவல் அதிகாரியான மார்ஷலாக வரும் கேரி கூப்பர் அவனை வெளியே அனுப்பிவிடுகிறார். டைட்டிலில் ஈலமின் பெயரே கிடையாது. ஆனாலும் துணைக்கு யாரும் வராத அந்த வேளையில், கூப்பரின் தனிமையைக் காட்டுவதற்கு அவர் தள்ளாடி வெளியேறுகிற அந்தச் சில நொடிகள் போதுமானவையாக இருக்கின்றன.

பிறகு தொலைக்காட்சி வந்தது. 1955 முதல் 1975 வரை ஓடிய 'கன்ஸ்மோக்' தொடரில் வெவ்வேறு மனிதர்களாகத் திரும்பத் திரும்ப வந்து போனார். 1963இல் 'தி டகோட்டாஸ்' தொடரில் சட்டத்தின் பக்கம் நிற்கும் துணை மார்ஷல் வேடம் கிடைத்தது. தொடர் நீடிக்கவில்லை, ஆனால் அந்த முகத்துக்கு நல்லவனையும் தாங்க வரும் என்பது அதில் தெரிந்தது.

இயக்குநர் செர்ஜியோ லியோனியின் 1968ஆம் ஆண்டுப் படமான 'ஒன்ஸ் அபான் எ டைம் இன் தி வெஸ்ட்'டின் தொடக்கத்தைத்தான் நான் அதிகம் திரும்பிப் பார்த்திருக்கிறேன். ஆளரவமற்ற ரயில் நிலையத்தில் மூன்று கொலையாளிகள் காத்திருக்கிறார்கள். வூடி ஸ்ட்ரோடின் தொப்பியில் நீர் சொட்டுகிறது. ஈலமின் தாடியிலும் உதட்டிலும் ஓர் ஈ ஊர்கிறது. கையைத் தூக்கி விரட்டாமல் உதட்டைக் கோணி ஊதிப் பார்க்கிறார். கண்கள் மட்டும் அதன் பின்னால் அலைகின்றன. கடைசியில் ஈயைத் துப்பாக்கிக் குழலுக்குள் சிறைப்பிடித்து, காதருகே வைத்து அதன் ரீங்காரத்தைக் கேட்டுப் புன்னகைக்கிறார். ரயில் வருகிறது, ஈயை விட்டுவிடுகிறார். சற்று நேரத்தில் மூவரும் செத்துக் கிடக்கிறார்கள். ஆனால் கொல்ல வந்தவன் ஒரு ஈயோடு விளையாடிய அந்தக் குழந்தைத்தனத்தை ஒரு முறை பார்த்துவிட்டதால், அவன் சாவு எனக்கு வெறும் வில்லனின் சாவாகத் தோன்றுவதில்லை.

அந்தப் புன்னகைக்குள் இருந்த நகைச்சுவை நடிகரை மறு ஆண்டே இயக்குநர் பர்ட் கென்னடி முழுமையாகப் பயன்படுத்திக்கொண்டார். 'சப்போர்ட் யுவர் லோக்கல் ஷெரிஃப்' படத்தில் ஷெரிஃபாக வரும் ஜேம்ஸ் கார்னரிடம் உதவியாளராக வந்து சேரும் ஜேக் என்ற அப்பாவி வேடம் ஈலமுக்கு. முகத்தில் எதையும் அவர் மாற்றிக்கொள்ளவில்லை. இருபது ஆண்டுகளாக அச்சுறுத்திய அதே கண்தான் இப்போது திகைத்து உருள்கிறது. பழைய பயத்தை நினைவில் வைத்திருக்கும் ரசிகனுக்குச் சிரிப்பு இரட்டிப்பாக வருகிறது. படத்தின் முடிவில் ஜேக் நேராகக் கேமராவைப் பார்த்து, மேற்கத்தியக் கதைகளில் மக்கள் மிகவும் நேசிக்கும் மனிதர்களில் ஒருவனாகத் தான் ஆகப்போவதாகச் சொல்கிறான். 1994இல் ஓக்லஹோமா நகரிலுள்ள கௌபாய் அருங்காட்சியகம், தலைசிறந்த வெஸ்டர்ன் நடிகர்களின் வரிசையில் ஜாக் ஈலமின் பெயரையும் சேர்த்தது.