பிளந்து பார்த்தால்தான் தெரியும்

கடலூர் மாவட்டத்தில் ஒரு சர்க்கரை ஆலைக்குக் கரும்பு உதவியாளராக வேலை பார்க்கிறேன். நடவுப் பதிவு, வெட்டு உத்தரவு என்று ஆயிரம் வேலை இருந்தாலும் என்னை அதிகம் கவலைப்பட வைப்பது செவ்வழுகல் என்ற பூசண நோய்தான்.

புழு விழுந்தால் கரும்பே காட்டிக்கொடுத்துவிடும். இளம்பயிரில் நடுக்குருத்து காய்ந்து, இழுத்தால் நாற்றத்தோடு கையோடு வந்தால் அது இளங்குருத்துப் புழு. நட்டதும் சோகை (காய்ந்த கரும்பு இலை) பரப்பி, பிறகு மண் அணைத்தாலே பெருமளவு அடங்கும். இடைக்கணுப் புழுவுக்கு நான்காம் மாதத்திலிருந்து 15 நாளுக்கு ஒருமுறை, ஏக்கருக்கு 1 சிசி டிரைக்கோகிரம்மா என்ற குட்டிக் குளவியின் அட்டை கட்டுகிறோம். அந்தக் குளவி புழுவின் முட்டையிலேயே தன் முட்டையை வைத்துவிடும். அட்டை கட்டிய வயலில் பூச்சிமருந்து அடிக்கக் கூடாது, அவ்வளவுதான்.

செவ்வழுகல் அப்படியில்லை. மேலிருந்து மூன்றாவது, நான்காவது இலை மஞ்சளாகும். உரம் பற்றவில்லை என்று விவசாயிகள் யூரியா மூட்டையைப் பிரிப்பார்கள். நான் முதலில் அரிவாளைத்தான் கேட்பேன். கரும்பை நீளவாக்கில் பிளந்தால் உள்ளே சிவந்திருக்கும். அந்தச் சிவப்பில் குறுக்கே வெள்ளைத் திட்டுகள் தெரியும். முகர்ந்தால் புளித்த சாராய வாடை. அப்புறம் சந்தேகமே வேண்டாம்.

"மருந்து ஏதாச்சும் எழுதிக் குடுங்க தம்பி" என்பார்கள். தண்டுக்குள் புகுந்த பூசணத்துக்கு மருந்து இல்லை. தூரை வேரோடு தோண்டி எரித்து, அந்த இடத்தில் லிட்டருக்கு 1 கிராம் கார்பன்டசிம் பூசணக்கொல்லி கரைத்து ஊற்ற வேண்டும். அந்த வயல் தண்ணீர் அடுத்த வயலுக்குப் போகக் கூடாது. மறுதாம்பு, அதாவது வெட்டிய தூரிலிருந்தே மீண்டும் பயிர், விடவும் கூடாது. இதைச் சொல்வதுதான் எனக்குக் கஷ்டம். விதைச் செலவும் உழவுச் செலவும் இல்லாத மறுதாம்பில்தான் விவசாயிக்கு நாலு காசு நிற்கும். "ஐயா, அடுத்து நெல் போடுங்க" என்று சொல்லும்போது அவர் முகத்தைப் பார்க்க முடியாது.

நோய் பெரும்பாலும் கரணையோடுதான், அதாவது நடுவதற்கு வெட்டும் கரும்புத் துண்டோடுதான், வயலுக்குள் வருகிறது. 100 லிட்டர் தண்ணீரில் 50 கிராம் கார்பன்டசிம் கலந்து நனைத்து நடுகிறோம், சரி. அது வெட்டுவாயைக் காக்கும். உள்ளே ஏற்கெனவே இருக்கும் பூசணத்தைக் கொல்லாது. வெட்டுவாயில் சிவப்பு தெரிந்தால் அந்தக் கரும்பையே ஒதுக்குவதுதான் வழி.

ஒரே ரகத்தை ஊர் முழுக்க நடுவதும் எனக்குப் பயம்தான். சர்க்கரைச் சத்து மிகுந்த கோசி 671 ரகம் செவ்வழுகலில்தான் வீழ்ந்தது. 2009-ல் வெளிவந்து உத்தரப்பிரதேசத்தில் பெரும்பரப்பைப் பிடித்த கோ 0238-க்கும் அதே கதிதான். இங்கே இப்போது எங்கு பார்த்தாலும் கோ 86032 ரகம். அதனால் ஒரு பகுதியிலாவது வேறு ரகம் நடச் சொல்லிக்கொண்டே இருக்கிறேன்.

விதைக்கரும்பு கேட்பவர்களுக்கு ஆறிலிருந்து எட்டு மாத விதைப்பண்ணைக் கரும்பைத்தான் காட்டுகிறேன். அது கிடைக்காவிட்டால் நடவை ஒரு மாதம் தள்ளிப் போடச் சொல்கிறேன்.