என் மகனை நானே தத்தெடுத்த கதை

கரு எங்களுடையது, என்னுடையதும் என் கணவருடையதும். எனக்குக் கருப்பையை எடுத்துவிட்டதால் அக்கா சுமந்தாள். பிரசவம் வரை எல்லாம் நல்லபடியாகவே நடந்தது. சிக்கல் பிறப்புப் பத்திரத்தில்தான் தொடங்கியது.

மலேசியாவில் இதற்கென்று தனிச் சட்டம் கிடையாது. பெற்றவள்தான் தாய். ஆகவே தாய் என்ற இடத்தில் அக்கா பெயர், தகப்பன் என்ற இடத்தில் அத்தான் பெயர். பையனோ ஜார்ஜ்டவுனில் எங்கள் வீட்டுத் தொட்டிலில்.

அவனைத் தத்தெடுக்க நாங்கள் முதலில் போன பதிவு இலாகா கவுண்டரில், "ரெண்டு வருஷம் வளர்த்துட்டு வாங்க" என்று அனுப்பிவிட்டார்கள். அதை நம்பிச் சும்மா இருந்தோம். அந்த ரெண்டு வருஷக் கணக்கு, தத்தெடுப்பைப் பதிவு மட்டும் செய்கிற வழிக்கு. முஸ்லிம் அல்லாதவர்கள் 1952 தத்தெடுப்புச் சட்டப்படி நேராக நீதிமன்றம் போகலாம், 3 மாதம் பிள்ளை நம்மிடம் இருந்தால் போதும் என்று ஒரு வக்கீல் சொல்லித்தான் தெரிந்தது. அப்போது பையனுக்கு ஐந்து மாதம். இனி எளிது என்று நினைத்தால், தத்தெடுக்கப் போவதாகச் சமூக நல இலாகாவுக்கு அறிவித்தீர்களா என்று கேட்டார். அறிவித்து 3 மாதம் ஆன பிறகுதான் நீதிமன்றத்தின் தத்தெடுப்பு உத்தரவு கிடைக்குமாம். ஐந்து மாதமும் வீண். பிள்ளை வீட்டுக்கு வந்த வாரமே அந்த அறிவிப்புக் கடிதத்தைக் கொடுத்துவிடுங்கள், தயவுசெய்து.

அப்புறம் சம்மதப் பத்திரம். அக்கா பட்டர்வொர்த்திலிருந்து ஃபெரி ஏறி வந்தாள். அத்தான் கையெழுத்தும் வேண்டும் என்றதும் திரும்பிப் போனாள். அடுத்த வாரம் அவர் லீவு போட்டு வந்தார்.

பிள்ளையைத் தத்துக்கொடுக்கச் சம்மதம் என்ற வரிக்கு வந்ததும் அக்கா பேனாவைக் கீழே வைத்துவிட்டாள்.

"உன் பிள்ளையை நான் எப்படிடி தத்துக்கொடுக்கிறது?"

பால் கட்டி வலியில் துடித்த நாட்களிலும் அழாதவள், அங்கே அழுதாள். வக்கீல், "அவசரமில்லை, யோசிச்சு வாங்க" என்றார். அதுவரை அந்தச் சட்டத்தின் மீது எனக்குக் கோபம்தான். ஆனால் பத்து மாதம் சுமந்தவளை ஒரு வார்த்தை கேட்காமல் என் பெயரைப் போட்டிருந்தால் அதுவல்லவா அநியாயம்? வாடகைத்தாய் என்ற சொல்லை எங்கள் வீட்டில் யாரும் சொல்வதில்லை. அவள் ஒரு காசு வாங்கவில்லை.

அன்றே கையெழுத்துப் போட்டாள். அதிகாரி வீட்டுக்கு வந்து பார்த்தார், உத்தரவும் வந்தது. புதுப் பத்திரத்தில் எங்கள் பெயர்.

பழையதன் நகல் ஒன்றை அக்கா கேட்டு வாங்கித் தன் பீரோவில் வைத்திருக்கிறாள்.