வற்றாப்பளைக்கு ஒரு பெயரோடு போனோம்

கனடாவில் தங்கைக்குப் பெண் பிள்ளை பிறந்து முப்பத்தொன்று கழிந்திருந்தது. "வற்றாப்பளை அம்மனிட்டை ஒரு அர்ச்சனை செய்யுங்கோ. நட்சத்திரம் பூரம், பேர் மௌனிகா" என்று செய்தி அனுப்பியிருந்தாள். அம்மாவுக்கு அந்தப் பெயர் பிடிக்கவே இல்லை. "வாய் பேசாத பிள்ளை எண்டெல்லோ அர்த்தம் வரும்? ஆராவது பிள்ளைக்கு அப்பிடிப் பேர் வைப்பினமோ?"

ஒரு திங்கட்கிழமை கிளிநொச்சியிலிருந்து புறப்பட்டோம். மாங்குளத்தில் இறங்கி முல்லைத்தீவு பஸ் எடுத்தோம். வழியெல்லாம் பாலை மரங்களும் வெயிலும்தான். ஒட்டுசுட்டானில் பஸ் நின்றபோது தான்தோன்றீச்சரர் இருக்கும் பக்கம் பார்த்து அம்மா கும்பிட்டார். அந்த நேரம் பார்த்து நான் பெயர்க் கதையைத் தொடங்கினேன்.

மௌனம் என்ற சொல் முனி என்பதிலிருந்து வந்தது, ஊமை என்பதிலிருந்து அல்ல என்றேன். புத்தரைச் சாக்கிய முனி என்கிறோம். தாயுமானவரின் குருவுக்கு மௌனகுரு என்றுதான் பெயர். தமிழில் அதையே மோனம் என்றும் பாடி வைத்திருக்கிறார்கள். யப்பானில் பெண் பிள்ளைகளுக்கு ஷிசுகா என்று பெயர் உண்டு, அமைதியானவள் என்று பொருள். பாரசீகக் கவி ரூமி தன் பாடல்களில் தன்னையே 'காமுஷ்' என்று அழைத்துக்கொண்டார். அதற்கும் மௌனம் என்றுதான் பொருள். வேதாகமத்தில் இஸ்மவேலின் பிள்ளைகளில் ஒருவன் பெயர் தூமா. எபிரேயத்தில் அதுவும் மௌனம்தான்.

அம்மா எதற்கும் அசையவில்லை. எகிப்துக் கதைக்குத்தான் திரும்பிப் பார்த்தார். அங்கே ஹோரஸ் என்ற தெய்வத்தைக் குழந்தையாகச் செய்யும்போது வாயில் விரல் வைத்தபடி செய்வார்கள். சிறு பிள்ளை என்று காட்டுகிற அடையாளம் அது. கிரேக்கர் அதைப் பார்த்து, வாயை மூடச் சொல்லுகிற விரல் என்று எடுத்துக்கொண்டார்கள். ஹார்பொகிராட்டிஸ் என்று பெயரிட்டு மௌனத்தின் தெய்வமாகவே ஆக்கிவிட்டார்கள். "கை சூப்பிற பிள்ளையையோ?" என்று கேட்டு அம்மா சிரித்தார். தங்கை அனுப்பிய படத்திலும் பிள்ளை கை சூப்பிக்கொண்டுதான் இருந்தது.

வற்றாப்பளையில் சனம் அதிகம் இல்லை. வைகாசிப் பொங்கலுக்கு வந்தால் நிற்க இடம் கிடைக்காது. பொங்கலுக்கு முன் கடலில் தீர்த்தம் எடுத்து, முள்ளியவளைக் காட்டா விநாயகர் கோயிலில் அந்த உப்பு நீரில் விளக்கெரித்து, பிறகு இங்கே கொண்டுவருவார்கள். மதுரையை எரித்துவிட்டு வந்த கண்ணகி, நந்திக்கடல் கரையில் ஒரு கிழவியாக இருந்து, மாடு மேய்க்கிற பிள்ளைகளிடம் விளக்கேற்றச் சொன்னாளாம். எண்ணெய் இல்லை என்றதும், கடல் தண்ணியை விட்டு ஏற்றுங்கோ என்றாளாம். சின்ன வயதில் அம்மா சொன்ன கதை.

சந்நிதியில் நின்றபோது எனக்குக் கண்ணகியின் மௌனம்தான் நினைவுக்கு வந்தது. புகாரில் புருஷன் விட்டுப்போன காலமெல்லாம் அவள் அதிகம் பேசவில்லை. திரும்பி வந்தவனிடம் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை, சிலம்பு இருக்கிறது என்றாள். அவள் வாய் திறந்தது பாண்டியன் அவையில். அவ்வளவு காலம் பேசாமல் இருந்தவள் பேசியதால்தான் அந்தச் சொல் அரசனின் உயிரையே எடுத்தது என்று நான் நம்புகிறேன்.

பூசகர் பேரும் நட்சத்திரமும் கேட்டார். அம்மா முந்திக்கொண்டு, "பூரம். பேர் இன்னும் வைக்கேல்லை" என்றார். நான் திருத்தவில்லை. பெயர் இல்லாமலே அர்ச்சனை நடந்தது. திருநீறையும் குங்குமத்தையும் கனடாவுக்கு அனுப்பவென்று அம்மா ஒரு தாளில் மடித்து எடுத்துக்கொண்டார்.

அப்புறம் நந்திக்கடல் பக்கம் நடந்தோம். 2009 மே மாதம் அம்மாவும் தங்கையும் வட்டுவாகல் பாலத்தால் வெளியே வந்தவர்கள். நான் அப்போது யாழ்ப்பாணத்தில், பூட்டிய பாதைக்கு மறுபக்கம். அதற்கு முந்திய நாட்களைப் பற்றி இரண்டு பேரும் இன்றுவரை எனக்குச் சொன்னதில்லை. கேட்டால் அம்மா எழுந்து குசினிக்குப் போய்விடுவார். தங்கை போனை வைத்துவிடுவாள். அவள் ஏன் இந்தப் பெயரைத் தேடிப் பிடித்தாள் என்று அந்தக் கரையில் நின்றபோதுதான் எனக்கு உறைத்தது.

தண்ணி அசையாமல் கிடந்தது. எலியா தீர்க்கதரிசிக்குக் காற்றிலும் நிலநடுக்கத்திலும் தீயிலும் கடவுள் வரவில்லை, அதன்பின் 'அமர்ந்த மெல்லிய சத்தம்' கேட்டது என்று தமிழ் வேதாகமம் சொல்லும். மூலத்தில் அங்கே இருப்பது 'தெமாமா' என்ற சொல். அதற்கு மௌனம் என்றும் பொருள். மௌனத்துக்கு ஒரு சத்தம் உண்டு என்று எழுதியவர்கள் இப்படி ஒரு கரையில் நின்றிருப்பார்கள் போலும்.

இதை அம்மாவிடம் சொல்லவில்லை. அவர் செருப்பைக் கழற்றிவிட்டுத் தண்ணியில் கால் நனைய நின்றார். நானும் பக்கத்தில் நின்றேன். வெயில் சாயும்வரை இரண்டு பேரும் ஒன்றும் பேசவில்லை.

பஸ்ஸுக்கு நடக்கும்போதுதான் அம்மா வாய் திறந்தார்.

"பூரத்துக்கு முதல் எழுத்து 'மோ' எல்லோ?"

"ஓமம்மா."

"நீ சொன்னியே, மோனமோ என்னவோ. அதிலை தொடங்கி ஒரு பேர் பாக்கச் சொல்லு அவளை."