ஆறாம் நம்பர் பெட்

மார்ச் 4
அட்மிஷன் ஆயிடுச்சு. ஆறாம் நம்பர் பெட், ஜன்னல் பக்கம். கையில அந்தக் காலத்து ஸ்காட்லாந்து வக்கீல் கிரெய்கி எய்ட்சிசன் நடத்தின கேஸுங்க பிரிண்ட்-அவுட். அம்மா தூங்கறாங்க.

மார்ச் 5
ரிசல்ட் வரல.

மார்ச் 6
ஸ்லேட்டர் கேஸ் மனசை விட்டுப் போகவே மாட்டேங்குது. 1908 டிசம்பர், கிளாஸ்கோ. மேரியன் கில்கிறிஸ்ட்னு ஒரு வயசான அம்மா, வேலைக்காரப் பொண்ணு பேப்பர் வாங்கக் கீழ இறங்கின கொஞ்ச நேரத்துல அடிச்சுக் கொன்னுட்டுப் போயிட்டாங்க. டிரஸ்ல குத்திக்கற வைர ப்ரோச் ஒண்ணு காணோம், ஆஸ்கார் ஸ்லேட்டர் ஒரு ப்ரோச்சை அடகு வச்சிருந்தாரு, அவ்ளோதான், அது வேற ப்ரோச்னு தெரிஞ்ச பிறகும் விடல. ஜெர்மனிலேர்ந்து வந்தவர், யூதர், சூதாடறவர். இந்த மாதிரி ஆளுக்கு நிரபராதிங்கற அனுமானம் முழுசா கிடையாதுங்கற மாதிரி ஜட்ஜே ஜூரிகிட்ட சொல்லிட்டாரு. 15 பேர் ஜூரி, 9 பேர் குற்றவாளின்னாங்க, அப்போ அங்க வெறும் மெஜாரிட்டியே போதுமா இருந்துச்சு. தூக்குக்கு ரெண்டு நாள் இருக்கறப்போ ஆயுளா மாத்தினாங்க. பீட்டர்ஹெட் ஜெயில்ல 18 வருஷத்துக்கு மேல.

அம்மா இட்லி ஒண்ணுதான் சாப்பிட்டாங்க.

மார்ச் 8
1926 வரைக்கும் ஸ்காட்லாந்துல கிரிமினல் அப்பீல் கோர்ட்டுன்னே ஒண்ணு இல்ல! அதுக்கு முந்தின கேஸுங்கறதால ஸ்லேட்டருக்காகத் தனியா சட்டம் போட வேண்டியிருந்துச்சு. ஷெர்லாக் ஹோம்ஸ் எழுதின கானன் டாயில் வருஷக்கணக்கா எழுதிப் போராடினாரு. 1928 ஜூலைல அஞ்சு ஜட்ஜுங்க முன்னாடி நின்னது எய்ட்சிசன். ஸ்லேட்டரை சாட்சி சொல்ல விடமாட்டோம்னுட்டாங்க, அந்த மனுஷன் கோவத்துல அப்பீலே வேணாம்னு கிளம்பினாரு. மத்த பாயிண்டெல்லாம் தள்ளுபடி. ஜட்ஜ் ஜூரிக்குச் சொன்னது தப்புங்கற ஒரே பாயிண்ட் நின்னுச்சு, தண்டனை ரத்து. 6000 பவுண்டு கொடுத்தாங்க. 18 வருஷத்துக்கு.

ஒரே ஒரு பாயிண்டைப் பிடிச்சுத் தொங்கறதுன்னா என்னன்னு இந்த வாரம்தான் எனக்கு நல்லாப் புரியுது.

மார்ச் 9
டியூட்டி டாக்டர் என்னை காரிடாருக்குக் கூப்பிட்டுப் பேசினார். அம்மாகிட்ட இப்போ எதுவும் சொல்ல வேணாமாம். தம்பியும் அதையேதான் சொல்றான்.

மார்ச் 10
அந்த ஊர்ல எல்லாரும் ஒரே படிக்கட்டுலதான் ஏறியிருக்காங்க. ஸ்லேட்டரை உள்ள தள்ளின அலெக்ஸாண்டர் யூர் வக்கீல், எம்.பி., லார்டு அட்வகேட், அதாவது அரசாங்கத்தோட தலைமை வக்கீல், அப்புறம் ஸ்காட்லாந்துக்கே பெரிய ஜட்ஜ். வெளிய கொண்டு வந்த எய்ட்சிசனும் வக்கீல்தான், முதல்ல லிபரல், அப்புறம் லேபர், 1929 இடைத்தேர்தல்ல கில்மார்னக் எம்.பி., அதே வருஷம் லார்டு அட்வகேட். இத்தனை வருஷம் டிஃபென்ஸ்ல நின்னவர் கையில இப்போ நாட்டோட மொத்த ப்ராசிக்யூஷனும். 1931ல லேபர் கட்சி உடைஞ்சப்போ பிரதமர் மெக்டொனால்டு பக்கம் போயிட்டாரு. 1933ல லார்டு ஜஸ்டிஸ் கிளார்க், அங்க ரெண்டாவது பெரிய ஜட்ஜ். அந்த நாற்காலில அதுவரைக்கும் இருந்தது லார்டு ஆல்னஸ், மெரெட் கேஸை விசாரிச்ச அதே ஜட்ஜ்.

மெரெட் பத்தி இன்னிக்கு வேணாம்.

மார்ச் 11
வேணாம்னாலும் அதான் ஓடுது. 1926 மார்ச் 17, எடின்பரோ. பெர்த்தா மெரெட் மேஜைல உக்காந்து லெட்டர் எழுதிட்டிருக்காங்க, பையன் டொனால்டுக்கு 17 வயசு, அம்மா கையெழுத்தைப் போட்டு செக் செக்கா பணம் எடுத்திட்டிருக்கான். வலது காதுல குண்டு. ஆனா உடனே சாகல! ரெண்டு வாரம் ஆஸ்பத்திரில இருந்தாங்க, பேசினாங்க. நர்ஸுகிட்ட சொல்லியிருக்காங்க, நான் எழுதிட்டிருந்தேன், டொனால்டு பக்கத்துல நின்னான், போடா தொந்தரவு பண்ணாதேன்னேன், அப்புறம் டமால்னு ஒரு சத்தம். எனக்கு என்ன ஆச்சுன்னு கேட்டுட்டே இருந்திருக்காங்க. ஒருத்தரும் சொல்லல. தற்கொலை முயற்சின்னு போலீஸ் முடிவு பண்ணிட்டதால முறையா வாக்குமூலம்கூட வாங்கல. பக்கத்துல உக்காந்து என்ன நடந்துச்சும்மான்னு ஒருத்தர் கேட்டு எழுதியிருந்தா போதுமே, வக்கீலும் வேணாம் நிபுணரும் வேணாம், அந்தம்மா வாயாலயே வந்திருக்குமே.

மார்ச் 12
1927 பிப்ரவரி. டொனால்டுக்கு எய்ட்சிசன். பேர் போன போஸ்ட்மார்ட்டம் நிபுணர் ஸ்பில்ஸ்பரியையே டிஃபென்ஸ் சாட்சியா கூட்டிட்டு வந்தாரு. கொலைக்கு நாட் ப்ரூவன், அதாவது நிரூபிக்கல, போலாம். செக் விஷயத்துக்கு மட்டும் 12 மாசம். 1954ல அவன் பேரை மாத்திக்கிட்டு லண்டன் ஈலிங்ல பொண்டாட்டியையும் மாமியாரையும் கொன்னான், ஜெர்மனில ஒரு காட்டுல தானும் சுட்டுக்கிட்டான். எய்ட்சிசன் 1941லேயே போயாச்சு. அவருக்குத் தெரியவே தெரியாது.

எங்க சீனியர் வக்கீலுக்கு ஃபோன் போட்டுக் கேட்டேன், இதை எப்படி சார் எடுத்துக்கறது. ‘ரெண்டு பேருக்கும் ஒரே மாதிரி நின்னாரும்மா, அதான் வேலை’ன்னார். எனக்கும் அது சரின்னுதான் படுது. எய்ட்சிசன் மேல கோவம் வரல. அந்த ரெண்டு வாரத்து மேலதான் வருது.

மார்ச் 13
ரிப்போர்ட்ல உறுதியா சொல்ல முடியலயாம். திரும்ப சாம்பிள் எடுக்கணுமாம். ஸ்காட்லாந்துலயே 2025ல சட்டம் போட்டு நாட் ப்ரூவனை எடுத்துட்டாங்க, இங்க எங்க அம்மாவுக்கு அதே தீர்ப்பு.

மார்ச் 14
‘எனக்கு என்னடி ஆச்சு, ஏன் எல்லாரும் வெளிய போய்ப் பேசறீங்க?’

மார்ச் 15
தம்பிகிட்ட பெரிய சண்டை. அம்மா பயந்துடுவாங்கங்கறான். பயப்படட்டும்டா, அவங்க உடம்பு. நாளைக்கு ரவுண்ட்ஸ்ல டாக்டர் வந்ததும் இங்கயே, பெட் பக்கத்துலயே சொல்லச் சொல்லப் போறேன். அம்மா என்ன கேக்கணுமோ கேக்கட்டும்.

மார்ச் 16
டாக்டர் ஒன்பதரைக்கு வர்றாராம். அம்மா தலை வாரிக்கிட்டாங்க, கண்ணாடி எடுத்துக் குடுன்னாங்க.