விரற்கடைக் கணக்கு

பள்ளிக்கூட மலருக்கு ஏதாவது எழுதித் தரச் சொல்லி பழைய மாணவர் சங்கச் செயலாளர் மூன்றாவது தடவையாக வாட்ஸ்அப்பில் கேட்டுவிட்டார். மற்றவர்கள் கிரிக்கெட், இல்ல விளையாட்டுப்போட்டி, அதிபரின் பிரம்பு என்று எழுதுவார்கள். எனக்கு அதெல்லாம் வராது, நான் கடைசி வாங்கு. ஆகவே எங்கள் வகுப்பில் ஒருத்தன் உண்டாக்கிய உலகத்தைப் பற்றி எழுதுகிறேன். அவன் இப்போது லண்டனில் இருக்கிறான், பெயரைப் போட்டால் கொன்றுவிடுவான்.

1993, பத்தாம் ஆண்டு. யாழ்ப்பாணத்தில் சண்டையால் கரண்ட் போய் மூன்று வருஷம். இரவு ஜாம் போத்தல் விளக்கில் படித்துவிட்டுக் காலையில் மூக்குக்குள் கரியோடு பள்ளிக்கூடம் வருவோம். படிவுப் பாறை படிப்பிக்க வந்த புவியியல் சேர், கரும்பலகையில் படம் கீறிக் கொண்டிருக்காமல் எங்களைக் கிணற்றடிக்குக் கூட்டிப் போனார். எங்கள் ஊர்க் கிணறுகள் தெரியும்தானே, மேலே கொஞ்சம் மண், அதற்குக் கீழே வெட்டின கல்லேதான் சுவர். "எட்டிப் பாருங்கோ, விழுந்து துலையாதேங்கோ. இது முந்திக் கடலடி. சிப்பி, சங்கு, செத்த சீவனெல்லாம் படிஞ்சு படிஞ்சு கல்லானது. மயோசீன் காலம், ஒரு கோடி வருஷத்துக்கும் மேலை. யாழ்ப்பாணமே இந்தச் சுண்ணக்கல்லுக்கு மேலதான் குந்திக்கொண்டிருக்கு" என்றார்.

அவன் கிணற்றுக்குள் பார்த்தபடியே கேட்டான். "அப்ப சேர், காலமும் அடியில படியுமோ?"

நாங்கள் சிரித்தோம், சேர் சிரிக்கவில்லை. "எழுதிக்கொண்டு வா" என்றார்.

அடுத்த கிழமை ஒரு கொப்பி முழுக்க எழுதிக்கொண்டு வந்தான். அந்த உலகத்தில் ஒவ்வொரு நாளும் பொழுதுபட, கழிந்த நாள் மெல்லிய சாம்பல் நிறத் தூளாக இறங்கும். வருஷத்துக்கு ஒரு விரற்கடை. மகன் தலையெடுக்கும்போது அப்பா கட்டின வாசற்படி மண்ணுக்குள் போயிருக்கும், மேலே இன்னொரு படி வைக்க வேண்டும். கலியாணத் தரகர்கள் "மூண்டு முழம் படிஞ்ச வளவு, நல்ல பழைய குடும்பம்" என்று சொல்லிச் சீதனம் கூட்டிக் கேட்பார்கள். மாரி மழைக்கு ஒரு வீட்டின் ஐந்து வருஷம் கரைந்து வேலிக்கு அந்தப் பக்கம் போய்விட, அது யாருடைய காலம் என்று இரண்டு தலைமுறையாகக் கோட்டில் வழக்கு நடக்கும். எல்லை வேலிக்கு அடிபடாத உலகத்தை எங்களால் கற்பனைகூடச் செய்ய முடியவில்லை பாருங்கள்!

ஒரேயொரு சட்டம், அங்கே யாரும் கூட்டக்கூடாது. கூட்டினால் அந்த நாள் நடக்கவேயில்லை என்று ஆகிவிடும். சேர் அதை வாசித்துவிட்டு மூக்குக்கண்ணாடிக்கு மேலாலே பார்த்தார். "அப்ப விடிய எழும்பி முத்தம் கூட்டுற உங்கட கொம்மாமார் எல்லாரும் கொலைகாரரோடா?"

கணக்கில் அவனை மடக்கியது நான். 1980இல் பல்கலைக்கழகத்தார் ஆனைக்கோட்டையில் கிண்டி எலும்புக்கூடும் முத்திரையும் எடுத்தார்கள் அல்லவா, அது இரண்டாயிரம் வருஷத்துக்கு மேற்பட்டது. வருஷத்துக்கு ஒரு விரற்கடை என்றால் இரண்டு பனை ஆழத்துக்குத் தோண்டியிருக்க வேண்டுமே? அவன் கொஞ்சம் யோசித்துவிட்டு, "ஆக்கள் இல்லாத இடத்தில காலம் மெதுவாத்தான் படியும்" என்றான். சமாளிப்பு என்று எல்லாரும் கூவினோம்.

1995 ஒக்டோபர் 30 இரவு சண்டைக்குப் பயந்து ஊரோடு சேர்ந்து கொக்குவிலிலிருந்து தென்மராட்சிக்கு நடந்தபோது கொப்பியும் மற்றச் சாமான்களோடு அந்த வீட்டிலேயே நின்றுவிட்டது. அந்த நடையைப் பற்றி இந்த மலரில் போன வருஷம் இரண்டு பேர் என்னைவிட நன்றாக எழுதிவிட்டார்கள்.

எங்கள் சொந்த வீடு தெல்லிப்பழைப் பக்கம். 1990இல் விட்டு வந்தது, பிறகு இராணுவத்தின் உயர் பாதுகாப்பு வலயம். காணிகளைத் துண்டு துண்டாக விட்ட காலத்தில், 2016இல், சின்னம்மாவோடு போய்ப் பார்த்தேன். ஓடும் இல்லை, வளையும் இல்லை. விறாந்தைக்குள் ஒரு வேம்பு. நிலத்தைக் காணவில்லை. அலவாங்கால் ஒரு மூலையில் கிண்டினேன். மேலே காய்ந்த வேப்பஞ்சருகு, அதற்குக் கீழே கறையான் மண், உடைந்த ஓட்டுத் தூள், வௌவால் எச்சம் போல ஏதோ கறுப்பாக, பிறகு சிவப்புச் சீமெந்து. காங்கேசன்துறைச் சீமெந்து, தாத்தா ஊற்றினது. அந்தக் கிணற்றுச் சுவர் கல்லைச் சுட்டு அரைத்ததுதானே அதுவும்! விரலை வைத்து அளந்தேன். ஏழு விரற்கடை. இருபத்தாறு வருஷத்துக்கு ஏழு!

லண்டனுக்கு அப்போதே போன் எடுத்தேன். அங்கே விடிந்திருக்கவில்லை. "ஏழுதான்ரா" என்றேன். அவனுக்கு விளங்கக் கொஞ்ச நேரம் எடுத்தது. அப்புறம், "நான் அண்டைக்கே சொன்னனான், நீதான் கூக்காட்டினனி" என்றான்.

திரும்பிப் பார்த்தால் சின்னம்மா விளக்குமாற்றோடு நிற்கிறா. "தள்ளு மோனை. குப்பையை அளந்துகொண்டு நிக்கிறாய், வாசலையாவது கூட்டுவம்."

நான் ஒன்றும் சொல்லவில்லை. அவ கூட்டக் கூட்டக் கடகத்தில் அள்ளிப் பின்வளவில் கொண்டுபோய்க் கொட்டினேன், நாலு கடகம் வந்தது. வேலி இருந்த இடம் தெரியவில்லை, கொஞ்சம் பக்கத்து வளவுக்குள்ளும் சிந்தியிருக்கும்.